புனித வெள்ளிக்கு ஏற்ற படம்

யார் யார் எங்கே உட்கார்ந்திருந்தார்கள் என்பதை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். பின்னால் எழுந்த தகராறுக்கெல்லாம் அந்த நாற்காலிகள்தான் காரணம்.

முன்வரிசை நடுவில், சின்ன மேசையும் பச்சை மூடி போட்ட விளக்குமாகக் குழுத்தலைவர் டாக்டர் ஓட்டோமார் பென்னிங். அவருக்கு வலப்பக்கம், திருச்சபையின் சார்பில், பாதிரியார் கெர்னோட் ஆல்பர்ஸ். இடப்பக்கம், இல்லத்தரசிகள் சங்கத்தின் சார்பில், ஃபிராவ், அதாவது திருமதி, வால்ட்ராவுட் ஸ்டுக்கெ. அவருக்கு அடுத்த நாற்காலியில் அவருடைய கைப்பை. சுவரோரம், அறையைச் சூடாக்கும் வெந்நீர்க் குழாயை ஒட்டிப் பக்கவாட்டில் போட்டிருந்த இரண்டு நாற்காலிகளில் விண்ணப்பதாரர்கள்: இயக்குநர் எக்பர்ட் நீஹாஃப், படத்தொகுப்பாளர் ஹெட்விக் ஷ்ராம். ஹெட்விக்கின் மடியில் ஒரு தகர டப்பா. அதில் அவள் காலையில் சுட்ட ஆப்பிள் கேக். பின்சுவரின் சதுர ஓட்டையில் தெரிந்த மூக்கு, படம் ஓட்டும் கீஸெகெயுடையது.

விண்ணப்பதாரர்களைப் பக்கவாட்டில் உட்காரவைத்தது டாக்டர் பென்னிங்கின் யோசனை. பின்னால் உட்கார்ந்தால் பெருமூச்சு விட்டே தேர்வாளர்களைக் கரைத்துவிடுகிறார்கள். முன்னால் உட்கார்ந்தால் நிமிடத்துக்கொரு தரம் திரும்பிப் பார்க்கிறார்கள். பக்கவாட்டில் இருந்தால் திரையும் பாதிதான் தெரியும், வாலும் ஆட்ட முடியாது. ஆனால் அங்கிருந்து மூன்று தேர்வாளர்களின் முகமும் முழுசாகத் தெரியும் என்பதை அவர் யோசிக்கவில்லை.

அந்தக் குழுவுக்கு ஒரே வேலைதான். வருஷத்தில் சில நாட்கள் மௌன நாட்கள். புனித வெள்ளி, இறந்தவர்களை நினைக்கும் ஞாயிறு என்று அப்படிச் சில. அன்று நடனம் கூடாது, கூத்து கூடாது, திரையரங்கில் சிரிப்புப் படம் ஓட்டக்கூடாது. எந்தப் படம் அன்று ஓடலாம், எது ஓடக்கூடாது என்று பார்த்துச் சொல்வதுதான் குழுவின் பொறுப்பு. பார்க்கும்போது அறையில் சிரிப்பு எழுந்தால் படம் ஆகாது. விதி அவ்வளவுதான்.

எக்பர்ட் நீஹாஃப் இதற்கு முன் ஆறு தடவை விண்ணப்பித்து ஆறு தடவையும் தோற்றவர். ஏழாவதும் தோற்றால் அந்த இயக்குநர் மறுபடி இந்தப் படியேறக் கூடாது என்று இன்னொரு விதி இருந்தது. தவிர, அவருக்கு வயது அறுபத்தேழு. ஹெட்விக்கோ வேலையை விட்டுவிட்டு வடகடல் தீவில் இருக்கும் தங்கையிடம் போகப் பெட்டி கட்டிவிட்டாள். அவள் இல்லாமல் இன்னொரு படம் எடுப்பதை அவரால் நினைத்துப் பார்க்க முடியவில்லை. ஆக, இன்று விட்டால் விட்டதுதான்.

அவர் ஆசைப்பட்டது பரிசுக்கோ பதக்கத்துக்கோ அல்ல. அவருடைய ஊரான லூடன்பெக்கில் ஒரே ஒரு திரையரங்கு. புனித வெள்ளியன்று ஊர் முழுக்கக் கறுப்புக் கோட்டு மாட்டிக்கொண்டு அங்கே போகும். யாரும் மிட்டாய் வாங்கமாட்டார்கள். படம் முடிந்தால் பேசாமல் கலைந்துவிடுவார்கள். அந்தக் கூட்டத்தில் கடைசி வரிசையில் உட்கார்ந்து, தன் படத்துக்காக இருநூறு மூக்குகள் ஒன்றாகச் சிந்தப்படும் சத்தத்தை ஒரே ஒரு தடவை கேட்க வேண்டும். இருபத்தெட்டு வருஷமாக அவர் சினிமா எடுத்தது இதற்குத்தான்.

"விதிப்படி விண்ணப்பதாரரோட பழைய படங்களோட பட்டியல நான் ஒரு தடவ படிச்சாகணும்" என்றார் டாக்டர் பென்னிங், மூக்குக்கண்ணாடியை ஏற்றிக்கொண்டு.

"முப்பத்தொண்ணையுமா?" என்றார் பாதிரியார்.

"முக்கியமானத மட்டும். முதல் படம், மலைக் காதல் படம். அடுத்து, குற்றக் கேலிப் படம். அப்புறம் கௌபாய் படம், பேய்ப் படம், பாட்டுப் படம், பிள்ளைங்க படம், கழிவுநீர்க் குழாய் கம்பெனிக்கு ஒரு விளம்பரப் படம், டாக்டர் காதல் படம், பல் பாதுகாப்புப் படம்… அடேயப்பா! நீங்க கை வைக்காத துறையே இல்ல போலிருக்கே, ஹெர் நீஹாஃப். கலைக்களஞ்சியத்துலகூட 'பல்துறை வல்லுநர்'னு போட்டிருக்காங்களே!"

எக்பர்ட்டின் முகம் பல்வலிக்காரன் முகம்போல ஆயிற்று. அந்தச் சொல்லைக் கேட்டாலே அவருக்கு அப்படித்தான்.

"அத்தனையும் சோகப் படம்தான், ஹெர் டாக்டர்" என்றார் மெல்ல.

"எது, பல் பாதுகாப்பா?"

"ஒரு பல்லோட தனிமையப் பத்தினது."

ஹெட்விக் அவர் முழங்கையைக் கிள்ளினாள். "வாய மூடுங்க டைரக்டரே. கேக்காத கேள்விக்கெல்லாம் பதில் சொல்லாதீங்க."

ஆனால் அவர் சொன்னது சத்தியம். முதல் படத்தில் மலையேறும் வீரன் ஒருவன் பனியில் விழுந்து சாகிறான். கடைசிக் காட்சியில் பிணமாகப் படுத்திருந்த நடிகனின் முகத்தை, அந்தப் பக்கமாக மேய வந்த பசு ஒன்று கழுத்து மணி குலுங்க நக்க ஆரம்பித்தது. பிணத்துக்குக் கூச்சம் தாங்கவில்லை. தோள் குலுங்கியது. இயற்கை அன்னையே இறுதி முத்தம் தருகிறாள் என்று எக்பர்ட் மெய்சிலிர்த்து, கேமராவை நிறுத்தவேண்டாம் என்று கைகாட்டினார். தயாரிப்பாளர் படத்தைப் பார்த்தார். இரண்டு பாட்டைச் சேர்த்தார், செத்தவனைக் கடைசியில் எழுப்பிக் கல்யாணம் செய்துவைத்தார். படம் ஓடோ ஓடென்று ஓடியது.

இரண்டாவது படத்தில் கொலைகாரன் மழையில் நனைந்து வீட்டுக்குள் நுழைகிறான். நடித்தவர் நல்ல வீட்டுப் பிள்ளை. மெழுகு போட்டுப் பளபளத்த மரத்தரையைப் பார்த்தவர் ஈரச் செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்தார். வாசலில் விருந்தாளிகளுக்காக வைத்திருந்த கம்பளிச் செருப்பை மாட்டிக்கொண்டார். பிறகு போய்க் கழுத்தை நெரித்தார். படப்பிடிப்பில் ஒருவருக்கும் அது வித்தியாசமாகப் படவில்லை. எக்பர்ட் உட்பட எல்லோருமே அப்போது கம்பளிச் செருப்பில்தான் நின்றிருந்தார்கள். திரையரங்கில்தான் ஊரே விழுந்து விழுந்து சிரித்தது.

கௌபாய் படத்தை லூடன்பெக்குக்கு வெளியே ஒரு கல்குவாரியில் எடுத்தார்கள். உச்சி வெயிலில் இரண்டு பேர் துப்பாக்கியோடு எதிரெதிராக நிற்கிறார்கள். மத்தியானம் ஒரு மணியிலிருந்து மூன்று வரை ஊர் தூங்கும் நேரம், சத்தம் போடக்கூடாது என்பது எக்பர்ட்டுக்கு மறந்துபோயிற்று. ஓய்வு பெற்ற வாத்தியார் ஒருவர் இரவு அங்கியோடு குவாரிக்குள் இறங்கி வந்தார். துப்பாக்கி வீரர்கள் இரண்டு பேரும் தொப்பியைக் கழற்றி, தாழ்ந்த குரலில் மன்னிப்புக் கேட்டார்கள். வெளிச்சம் அருமையாக இருந்ததால் எக்பர்ட் அதையும் படத்தில் வைத்துவிட்டார்.

"உங்க பேய்ப் படம் ஞாபகம் இருக்கு எனக்கு" என்று ஃபிராவ் ஸ்டுக்கெ கைப்பையை அணைத்துக்கொண்டு சொன்னார். "ரத்தக் காட்டேரி ராத்திரி ஜன்னல் வழியா உள்ள வருது. கட்டில்ல படுத்திருக்கிற பொண்ணு, 'குளிர் காத்து அடிக்குது, ஜன்னல சாத்துங்க'ங்குது. காட்டேரி திரும்பிப் போய் சாத்திட்டு வருது! எங்க வீட்டுக்காரர் இன்னைக்கும் ஜன்னல சாத்தறப்ப எனக்கு ஒரு கும்பிடு போட்டுட்டுதான் சாத்துறாரு."

"மே மாசத்துல திடீர்னு திரும்பி வர்ற குளிர், அம்மா" என்றார் எக்பர்ட் நொந்துபோய். "அந்தப் பொண்ணுக்கு ஏற்கனவே கழுத்து பிடிச்சிருந்தது. அத அப்படியே விடச் சொல்றீங்களா?"

பாதிரியார் கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்டார். டாக்டர் பென்னிங் மேசையைத் தட்டினார். "படம் ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடி சிரிக்கிறது கணக்குல வராது. முடிச்சுக்குங்க." எல்லோரும் முறைப்படி சிரித்து முடித்தார்கள். "ஏழாவது விண்ணப்பம். படத்தோட பேரு, 'எல்ஃப்ரீடெ போகிறாள்'. கீஸெகெ, விளக்க அணைங்க."

இருட்டில் எக்பர்ட் ஹெட்விக்கின் காதோரம் குனிந்தார். "அந்த சிக்னல் இடத்த நீங்க வெட்டியிருக்கலாம்."

"எத்தன தடவ சொல்றது? வீட்டு வாசல்லேருந்து ரயில்வே பிளாட்பாரம் வரைக்கும் ஒரே ஓட்டமா, துண்டு விழாம எடுத்து வெச்சிருக்கீங்க. நடுவுல வெட்டினா ஆளு ரோட்டுக்கு இந்தப் பக்கத்துலேருந்து அந்தப் பக்கத்துக்குப் பறந்த மாதிரி இருக்கும். பறக்கிறதுக்கு மட்டும் சிரிக்கமாட்டாங்களா?"

"சிரிப்பாங்களா? எதுக்கு?"

ஹெட்விக் டப்பா மூடியை அழுத்திச் சாத்தினாள். எதற்குச் சிரிப்பார்கள் என்பது இந்த மனிதருக்கு ஒருநாளும் புரிந்ததில்லை. அதை அவள் இருபத்தெட்டு வருஷமாக விளக்கி விளக்கி ஓய்ந்துபோயிருந்தாள்.

படம் ஓடியது. மனைவியை இழந்த கடிகாரக் கடைக்காரன் ஆன்டன். எதிர்க்கடையில் பூ விற்கும் எல்ஃப்ரீடெ. இருவருக்கும் மனசுக்குள் அன்பு. வாய்விட்டுச் சொல்ல ஒருவருக்கும் துணிவில்லை. ஒருநாள் அவள் ஊரைவிட்டே போக முடிவு செய்கிறாள். அவள் விட்டுப்போன பூங்கொத்தைப் பார்த்ததும் ஆன்டனுக்குத் தாங்க முடியவில்லை. ரயில் புறப்படப் போகிறது. ஓடுகிறான்.

முன்வரிசையில் ஒரு சத்தமும் இல்லை. ஃபிராவ் ஸ்டுக்கெ நாற்காலி நுனிக்கு வந்திருந்தார்.

ஆன்டன் சந்தில் ஓடுகிறான், சந்தையைத் தாண்டி ஓடுகிறான், கோட்டு பறக்கிறது, தொப்பி விழுகிறது. ஞாயிற்றுக்கிழமை காலை. தெருவில் ஈ காக்கை இல்லை. ஒரு வண்டி இல்லை, சைக்கிள்கூட இல்லை. ரயில் நிலையம் கண்ணுக்கெதிரே. நடுவில் ஒரே ஒரு சாலை. அதைக் கடக்கும் இடத்தில் ஒரு விளக்குக் கம்பம். விளக்கில், நடப்பவர்களை நிற்கச் சொல்லும் சிவப்பு மனித உருவம்.

ஆன்டன் நின்றுவிட்டான்.

இது கதையில் எழுதிய இடமில்லை. படம் பிடித்த அன்று சாலைக்கு அந்தப் பக்கம், ஐஸ்கிரீம் சப்பிக்கொண்டு ஒரு சிறுமி எங்கிருந்தோ வந்து நின்றாள். நடிகர் லோதார் அவளைப் பார்த்தார், கால் நின்றுவிட்டது. பிறகு எக்பர்ட் தலையில் அடித்துக்கொண்டபோது லோதார் சொன்ன பதில் இதுதான்: "குழந்த பாத்துட்டு இருக்கு, ஹெர் நீஹாஃப். நான் சிவப்புல கடந்தா நாளைக்கு அதுவும் கடக்கும்." அதற்குள் நிஜ ரயில் நிஜமாகவே போய்விட்டது. ரயில்வேக்காரர்கள் படப்பிடிப்புக்காக ஒரு விநாடிகூட நிற்க ஒத்துக்கொள்ளவில்லை. இன்னொரு தடவை எடுக்க வழியில்லாமல் போயிற்று.

திரையில் ஆன்டன் காத்திருந்தான். மார்பு ஏறி இறங்கியது. ரயில் ஊதியது. சிவப்பு சிவப்பாகவே நின்றது. சிறுமி ஐஸ்கிரீமைத் திருப்பிப் பிடித்து மறுபக்கத்தைச் சப்பினாள்.

போச்சு, எல்லாம் போச்சு என்று எக்பர்ட் கண்ணை மூடிக்கொண்டார். ஏழாவது சிரிப்பு இதோ வரப்போகிறது. ஒரு மூச்சு, இரண்டு மூச்சு, வரவில்லை. ஒரு கண்ணை மட்டும் திறந்து முன்வரிசையைப் பார்த்தார்.

பாதிரியார் ஆல்பர்ஸின் கன்னத்தில் கண்ணீர் தாரை தாரையாக வழிந்துகொண்டிருந்தது. "போயிடாதடா தம்பி" என்று அவர் திரையைப் பார்த்து முணுமுணுத்தார். "குழந்த பாக்குதுடா. பொறுத்துக்கோ."

"வந்துடும், வந்துடும், இதோ பச்ச வந்துடும்" என்று ஃபிராவ் ஸ்டுக்கெ இரண்டு கைகளாலும் கைப்பையைப் பிசைந்தார். "அடப் பாவி விளக்கே, உனக்கு மனசாட்சி இல்லையா?"

டாக்டர் பென்னிங் கண்ணாடியைக் கழற்றிவிட்டிருந்தார். அது இல்லாமல் அவருக்குப் பக்கத்திலிருப்பதே தெரியாது. ஆனாலும் பார்க்க மாட்டாதவர்போல முகத்தை வேறு திருப்பிக்கொண்டார். சதுர ஓட்டையிலிருந்து கீஸெகெ மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது.

ரயில் புறப்பட்டது. எல்ஃப்ரீடெயின் வெள்ளைக் கைக்குட்டை ஜன்னலில் சிறுத்துச் சிறுத்து மறைந்தது. அப்போதுதான் பச்சை விழுந்தது. ஆன்டன் இடப்பக்கம் பார்த்தான், வலப்பக்கம் பார்த்தான், மறுபடி இடப்பக்கம் பார்த்தான். அப்புறம் தேம்பித் தேம்பி அழுதுகொண்டே, தரையில் போட்ட வெள்ளைக் கோடுகளுக்குள்ளேயே நடந்து, சாலையைக் கடந்தான்.

"எவ்வளவு ஒழுங்கா கடக்குறான் பாருங்க!" என்று ஃபிராவ் ஸ்டுக்கெ வாய்விட்டு அழுதார்.

எக்பர்ட்டின் வாயிலிருந்து 'ஹுக்' என்று ஒரு சத்தம் வந்தது. முதலில் விக்கல் என்றுதான் நினைத்தார். இரண்டாவது விக்கல் மூக்கு வழியாக வந்தது. மூன்று பெரிய மனிதர்கள், அதில் ஒருவர் டாக்டர், ஒருவர் பாதிரியார், ஈ காக்கை இல்லாத தெருவில் நிற்கும் ஒருவனுக்காக விளக்கைத் திட்டி அழுகிறார்கள். கடக்க வேண்டியதுதானேடா என்று இவர்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை. ஏன், அன்றைக்கு அவருக்கே தோன்றவில்லையே! லோதார் சொன்ன காரணத்தைக் கேட்டு, "அதுவும் சரிதான்" என்றல்லவா சொல்லிவிட்டு வந்தார்? அந்த எண்ணத்தின் வாலைப் பிடித்துக்கொண்டு கம்பளிச் செருப்புக் கொலைகாரன் வந்தான். ஜன்னல் சாத்திய காட்டேரி வந்தது. தொப்பி கழற்றிய துப்பாக்கி வீரர்கள் வந்தார்கள். கடைசியாக, மணி குலுங்க, அந்தப் பசுவும் வந்து சேர்ந்தது.

இருபத்தெட்டு வருஷத்துச் சிரிப்பு மொத்தமும் ஒரே சமயத்தில் கிளம்பிற்று.

ஹெட்விக்குக்கு முதலில் ஒன்றும் புரியவில்லை. புரிந்ததும் டப்பாவைத் திறந்து ஒரு பெரிய துண்டு கேக்கை எடுத்து அவர் வாயில் திணித்தாள். "முழுங்குங்க! டைரக்டரே, கடவுள் பேர சொல்லி முழுங்குங்க!" கேக் பாதி உள்ளே போயிற்று, மீதி முன்வரிசை வரை பறந்தது. எக்பர்ட் வெந்நீர்க் குழாயைப் பிடித்துக்கொள்ளப் பார்த்தார். சூடு தாங்காமல் விட்டுவிட்டு நாற்காலியோடு சாய்ந்தார். தரையில் கிடந்தபடியே, "இடப்பக்கம் பாத்தான்… வலப்பக்கம் பாத்தான்…" என்று சொல்லிச் சொல்லிச் சிரித்தார்.

விளக்கு எரிந்தது.

"யாரது சிரிச்சது?" என்றார் டாக்டர் பென்னிங், கண்ணாடியைத் துழாவிக்கொண்டே.

"அந்த ஓரத்துலேருந்துதான்!" என்றார் பாதிரியார். கோபத்தில் அவர் காது சிவந்திருந்தது. "ஒரு மனுஷனோட வாழ்க்கையே ரயிலேறிப் போச்சு. அதப் பாத்து ஒருத்தர் சிரிக்கிறாரு! நெஞ்சுல ஈரமே இல்லையா ஐயா உங்களுக்கு?"

"அது என் படம், பாதிரியாரே" என்று எக்பர்ட் எழுந்து உட்கார்ந்தார். தலைமுடியெல்லாம் கேக்.

"யார் படமா இருந்தா என்ன? குழந்த முன்னாடி ஒழுங்கா நடந்துக்கிட்டவனப் பாத்து சிரிக்கிறதா? என் தலைமுடியில என்ன விழுந்திருக்கு பாருங்க!" என்றார் ஃபிராவ் ஸ்டுக்கெ. விழுந்ததை எடுத்துப் பார்த்தார், மோந்து பார்த்தார், "இலவங்கப்பட்ட போட்டிருக்கீங்களா?" என்று ஹெட்விக்கிடம் கேட்டார்.

"கொஞ்சம்தான். மீதி இருக்கு, எடுத்துக்குங்க."

டாக்டர் பென்னிங் விதிப்புத்தகத்தைப் புரட்டினார். புரட்டப் புரட்ட அவர் முகம் தொங்கியது. "அறையில் சிரிப்பு எழுந்தால் படம் மௌன நாளுக்கு ஆகாது. யாரோட சிரிப்புன்னு போடல. பெருக்க வர்ற அம்மா சிரிச்சிருந்தாலும் சிரிப்பு சிரிப்புதான். மனசுக்குக் கஷ்டமா இருக்கு, ஹெர் நீஹாஃப். இந்த அறையில நான் அழுதது இதுதான் முதல் தடவ. ஆனா படம் ஆகாது."

எக்பர்ட்டின் சிரிப்பு சட்டென்று நின்றது. கடைசி வரிசை, கறுப்புக் கோட்டுகள், இருநூறு மூக்குகள். எல்லாம் ஆன்டனின் ரயில்போல நகர்ந்து போவதைப் பார்த்தார். இத்தனை வருஷம் யார் யாரோ கெடுத்தார்கள். ஒருதரம் பசு, ஒருதரம் செருப்பு, ஒருதரம் குளிர்காற்று. இன்று வெளியாள் யாரும் வரவில்லை. தானே கெடுத்துக்கொண்டார்.

"ஹெர் டாக்டர்" என்று ஹெட்விக் எழுந்தாள். "ஒரே ஒரு கேள்வி. இந்த விதி எதுக்கு? புனித வெள்ளியன்னைக்கு தியேட்டர்ல ஜனங்க சிரிச்சுடக் கூடாதுன்னுதானே?"

"ஆமாம்."

"இங்க ஜனங்க யாரு? நீங்க மூணு பேரும். நீங்க சிரிச்சீங்களா?"

"நான் ஏம்மா சிரிக்கப்போறேன்? என் கைக்குட்டையப் பிழிஞ்சா ஒரு டம்ளர் தேறும்" என்றார் பாதிரியார்.

"அப்ப சிரிக்கிறது உலகத்துலயே இந்த ஒரே ஒரு மனுஷன்தான். இவருக்கு எதுக்கு சிரிக்கணும்னே தெரியாது. இருபத்தெட்டு வருஷம் கூட இருந்த நான் சொல்றேன். சிரிக்க வேண்டிய இடத்துல எல்லாம் அழுதாரு. இன்னைக்கு அழ வேண்டிய இடத்துல சிரிக்கிறாரு. ஒரு கோளாறான ஆளுக்காக நல்ல படத்தத் தண்டிப்பீங்களா?"

"ரொம்ப நன்றி" என்றார் எக்பர்ட்.

"நீங்க பேசாதீங்க."

ஃபிராவ் ஸ்டுக்கெ இரண்டாவது துண்டு கேக்கை விழுங்கிவிட்டுக் கையைத் தட்டினார். "இதுல என்ன யோசன? அந்த ஆள உள்ள விடாம இருந்தா தீந்து போச்சு! இவர் இல்லாத இடத்துல சிரிப்பும் இல்ல. படம் ஓடட்டும், இவர் வெளியில இருக்கட்டும்."

டாக்டர் பென்னிங் கண்களை மூடி யோசித்தார். நிபந்தனையோடு அனுமதிக்கக் கூடாது என்று விதியில் எங்கேயும் இல்லை. வாக்கெடுப்பு நடந்தது. மூன்று கைகள் உயர்ந்தன. பின்சுவரின் ஓட்டை வழியாக நான்காவது கையும் வந்தது. அது கணக்கில் வராது என்று உள்ளே அனுப்பப்பட்டது.

"'எல்ஃப்ரீடெ போகிறாள்' மௌன நாட்கள் எல்லாத்துக்கும் ஏற்ற படம்" என்று தலைவர் எழுதிக்கொண்டே வாசித்தார். "நிபந்தன: படம் ஓடும்போது இயக்குநர் அரங்குக்குள்ள இருக்கக் கூடாது."

"வாசல்ல நின்னாலும் கேக்கும்" என்றார் பாதிரியார். "என்னா சிரிப்பு அது! கழுத கெட்டது."

"சரி. 'காதுக்கெட்டும் தொலைவிலும் இருக்கக் கூடாது.' ஹெர் நீஹாஃப், இதுக்கு நீங்க சம்மதிக்கணும். இல்லன்னா பழைய தீர்ப்புதான்."

எக்பர்ட் மேசைக்கு முன்னால் வந்து நின்றார். "கடைசி வரிசையில, வாயில கைக்குட்ட கட்டிக்கிட்டு?"

"கூடாது."

"புரொஜெக்டர் அறையில? மெஷின் சத்தத்துல ஒண்ணும் கேக்காது."

"எனக்குக் கேக்குமே!" என்று ஓட்டையிலிருந்து கீஸெகெயின் குரல் வந்தது.

"கடைசி அஞ்சு நிமிஷம் மட்டும்? மூக்கு சிந்துற சத்தம் கேட்டா போதும். திரையப் பாக்கவே மாட்டேன், திரும்பி உக்காந்துக்கிறேன்."

"இந்த அறையில நீங்க திரைய எங்கய்யா பாத்தீங்க? எங்களப் பாத்துதானே சிரிச்சீங்க?" என்றார் டாக்டர் பென்னிங்.

எக்பர்ட் அவரைப் பார்த்தார். தலைவரின் கண்கள் இன்னும் சிவந்தே இருந்தன. மூக்கு நுனி மினுங்கியது. பாதிரியார் ஈரக் கைக்குட்டையை வெந்நீர்க் குழாயின்மேல் காயப்போட்டிருந்தார். ஃபிராவ் ஸ்டுக்கெ கைப்பையிலிருந்து இன்னொரு கைக்குட்டை எடுத்து, எக்காளம்போல, அறை அதிர மூக்கைச் சிந்தினார்.

அந்தச் சத்தம் எக்பர்ட்டுக்குப் போதுமாக இருந்தது என்று சொன்னால் பொய். லூடன்பெக்கின் இருநூறு மூக்குகளுக்கு முன்னால் ஒரு மூக்கு எந்த மூலைக்கு? ஆனால் உதட்டோரம் மறுபடி துடிக்க ஆரம்பித்துவிட்டது. கறுப்புக் கோட்டு போட்ட இருநூறு பேர், கறிக்கடைக்காரரும் மேயரும் மாதா கோவில் மணிக்காரரும், விளக்கு பச்சையாவதற்காகச் சேர்ந்து மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பதை நினைத்துப் பார்த்துவிட்டார். பாதிரியார் சொன்னது நியாயம்தான். வாசலில் நின்றாலும் கேட்கும்.

"சம்மதம்" என்று அவசரமாகச் சொல்லிக் கையெழுத்துப் போட்டார். போடும்போதே தோள் குலுங்கியதால் கையெழுத்து கோணல்மாணலாக விழுந்தது.

"அன்னைக்கு என் தங்கச்சி வீட்டுக்கு வாங்க" என்றாள் ஹெட்விக், நாற்காலியைத் தூக்கி நிறுத்திக்கொண்டே. "நடுக்கடல்ல நின்னுக்கிட்டு எவ்வளவு வேணும்னாலும் சிரிங்க. கடல்நாய்தான் புகார் பண்ணணும்."

"அனுமதிக் கடிதத்தக் கைல வாங்கிக்கலாமா?" என்று எக்பர்ட் கையை நீட்டினார்.

டாக்டர் பென்னிங் அதிர்ச்சியோடு கடிதத்தைப் பின்னால் இழுத்துக்கொண்டார். "முடிவுகள் தபால்லதான் போகும். கைல குடுக்க வழக்கம் இல்ல."

"நான் இங்கதானே நிக்கிறேன்?"

"நிக்கிறீங்க. தெரியுது. உங்க விலாசத்த சொல்லுங்க."

எக்பர்ட் சொன்னார். தலைவர் மெதுவாக, வரி வரியாக, உறையின்மேல் எழுதினார். கடிதத்தை மூன்றாக மடித்து உள்ளே வைத்து, உறையின் விளிம்பை நக்கப் போனவர் நிறுத்திவிட்டார். நாக்கில் ஈரமே இல்லை. இருந்ததையெல்லாம் அழுது தீர்த்தாயிற்று. உறை கைமாறி எக்பர்ட்டிடம் வந்தது. தன் கடிதத்தைத் தானே நக்கி, தானே அழுத்தி ஒட்டி, தபால்தலையையும் ஒட்டிக் கொடுத்தார். தலைவர் அதன்மேல் குழுவின் முத்திரையை ஓங்கிக் குத்தினார்.

மாலைத் தபால் எடுக்க வந்த பெண் படிக்கட்டுக்குக் கீழே மஞ்சள் பெட்டியைத் திறந்துகொண்டிருந்தாள். எல்லோருமாக இறங்கிப் போனார்கள். டாக்டர் பென்னிங் கடிதத்தை அவளிடம் நீட்டினார். அவள் விலாசத்தைப் படித்துவிட்டு, "லூடன்பெக்கா? சனிக்கிழமை போய்ச் சேந்துடும்" என்றாள்.

"சனிக்கிழமை நான் வீட்ல இருக்கணுமா?" என்று எக்பர்ட் கேட்டார்.

"நீங்க யாரு?" என்றபடி அவள் கடிதத்தைப் பையில் போட்டு, பையின் வாயைக் கட்டினாள்.